புகை எழாத ஒரு கூரை

(வானொலி இலக்கியத் தொடரில் ஒலிபரப்பான உரையின் எழுத்து வடிவம்)



இலக்கிய நிகழ்ச்சி என்றதும் கவிதை, சிறுகதை, நாவல், திறனாய்வு என்றுதான் பெரும்பாலும் பேசுகிறோம். இன்றைக்கு நான் எடுத்துக்கொண்டிருப்பது சிறுவர்களுக்கான சித்திரக் கதை நூல்கள். அவற்றிலும் ஒரு சிறு பகுதியை மட்டுமே எடுத்துக்கொள்கிறேன். படம் வரைவதையும் கற்பனை செய்வதையும் கதை சொல்வதையுமே கதையாகக் கொண்ட நூல்கள் அவை. பக்கத்துக்கு இரண்டு வரிக்கு மேல் இல்லாத இந்தச் சிறு புத்தகங்களைப் பற்றி இலக்கிய நேரத்தில் பேச என்ன இருக்கிறது என்று நேயர்கள் சிலர் நினைக்கக்கூடும். நானும் ஒரு காலத்தில் அப்படி நினைத்தவன்தான். அந்த நினைப்போடு வகுப்பறையில் நான் செய்த தவறு ஒன்றையும் இந்த உரையில் சொல்லவேண்டியிருக்கிறது.

நான் றொசல்லையைச் சேர்ந்தவன். கொழும்பிலிருந்து மலையகம் ஏறிவரும் ரயிலில் வந்தால், மழைக்குப் பேர்போன வட்டவளையைத் தாண்டி, ஹட்டனுக்கு முன்னால் வருகின்ற சின்னஞ்சிறிய நிலையம் அது. பிறந்ததும் வளர்ந்ததும் தோட்டத்து லயத்தில். படித்துப் பட்டம் பெற்று, ஆசிரியப் பயிற்சியும் முடித்து, இந்துக் கல்லூரி ஒன்றில் தமிழ் கற்பித்து வருகிறேன்.

எங்கள் பகுதிச் சிறுவர் ஒருவரிடம் ஒரு தாளையும் பென்சிலையும் கொடுத்து, "உனக்குப் பிடித்ததை வரை" என்று சொல்லிப் பாருங்கள். பத்துப் பேரில் எட்டுப் பேர் ஒரே படத்தைத்தான் வரைவார்கள். முக்கோணமாக இரண்டு மலைகள். அவற்றின் நடுவே பாதி எழுந்த சூரியன். மலையடியிலிருந்து வளைந்து வரும் ஓர் ஆறு. ஆற்றங்கரையில் தனியாக ஒரு வீடு, அதற்கு ஒரு கதவு, இரண்டு ஜன்னல்கள். வீட்டோரம் ஒரு தென்னை. வானத்தில் ஆசிரியர் சரி போட்டதுபோல நாலு பறவைகள்.

நானும் சிறுவயதில் இதே படத்தைத்தான் வரைந்தேன். வகுப்பு ஜன்னலுக்கு வெளியே உண்மையான மலை நின்றுகொண்டிருந்தது. அது முக்கோணமாக இல்லை. வாரிவிட்ட தலைமுடியைப்போல வரிசை வரிசையாகத் தேயிலை நிற்கும் மலை அது. பாதி நாள் பனிமூட்டம் அதை மூடியிருக்கும். எங்கள் லயத்தைச் சுற்றித் தென்னந்தோப்பு எதுவும் இருந்ததில்லை. தனி வீடும் இருந்ததில்லை. ஆனாலும் ஜன்னலுக்கு வெளியே பார்த்து வரையவேண்டும் என்று எனக்குத் தோன்றவில்லை. "படம்" என்றால் அதுதான் என்று யாரோ முன்னமே முடிவுசெய்து வைத்திருந்தார்கள். அப்படி வரைந்தால் புள்ளி கிடைத்தது.

இனி என் தவறுக்கு வருகிறேன். 2008ஆம் ஆண்டளவில் ஆறாந் தரத்து மாணவர்களுக்கு "எங்கள் வீடு" என்ற தலைப்பில் கட்டுரை எழுதக் கொடுத்தேன். எழுதி முடித்தவர்கள் பக்கத்திலேயே படமும் வரையலாம் என்றேன். உண்மையைச் சொல்வதானால், படத்தின் மேலிருந்த அக்கறையால் அப்படிச் சொல்லவில்லை. முந்தி முடித்தவர்கள் சத்தம்போடாமல் இருக்கட்டும் என்பதற்காகத்தான் சொன்னேன்.

ஒரு மாணவியின் கட்டுரை நாலே வரியில் முடிந்திருந்தது. ஆனால் படம் கொப்பியின் இரண்டு பக்கங்களையும் நிறைத்திருந்தது. நீண்ட ஒரே கூரை, அதன் கீழே பன்னிரண்டு கதவுகள். தான் வாழும் லயத்தை அவள் அப்படியே வரைந்திருந்தாள். ஒவ்வொரு காம்பராவின் கூரையிலிருந்தும் பென்சிலால் சுருள் சுருளாகப் புகை எழுந்தது. நான் எண்ணிப் பார்த்தேன். பதினொரு இடத்தில் புகை இருந்தது. ஓர் இடத்தில் இல்லை.

"ஏம்மா, இது ஒன்னு மட்டும் விட்டுப்போச்சே. இதுக்கும் புகை போடு" என்றேன்.

அவள் என்னைக் கொஞ்ச நேரம் பார்த்தாள். பிறகு பேசாமல் குனிந்து அந்தக் கூரைக்கும் புகை போட்டாள். நான் சரி போட்டு, "நன்று" என்று எழுதிக் கொடுத்தேன்.

அவளுடைய அப்பாயி அதற்கு முந்திய வாரம் இறந்துபோன செய்தி எனக்குப் பின்னர்தான் தெரியவந்தது. சாவு வீட்டில் அடுப்பு மூட்டுவதில்லை. பக்கத்துக் காம்பராக்காரர்கள்தான் சமைத்துக் கொண்டுவந்து கொடுப்பார்கள். லயத்திலே பிறந்த எனக்கு இது தெரியாத வழக்கமல்ல. மற்றப் பதினொரு கூரையிலும் எழுந்த புகையில் அவள் வீட்டுக்கான சோறும் வெந்துகொண்டிருந்தது. நாலு வரிக் கட்டுரையில் சொல்ல முடியாத துக்கத்தையும் அயலவரின் அன்பையும் அந்தப் பிள்ளை ஒரு படத்தில் சொல்லியிருந்தாள். நானோ அதை எழுத்துப் பிழையாக எண்ணித் திருத்திவிட்டேன். "இந்த வீட்டில் மட்டும் ஏன் புகை இல்லை?" என்று ஒரு கேள்வி கேட்டிருந்தால் போதும். ஆசிரியப் பயிற்சியில் குழந்தை உளவியல் படித்துத் தேறியவன்தான் நான். அந்த ஒரு கேள்வி எனக்கு அன்றைக்கு வரவில்லை.

தமிழாசிரியன் என்ற வகையில் நான் வெட்கப்பட இன்னொரு காரணமும் உண்டு. "எழுதுதல்" என்ற நமது சொல்லைப் பாருங்கள். கட்டுரை எழுதுகிறோம். பழந்தமிழில் ஓவியத்தையும் எழுதினார்கள். கண்ணுக்கு மை எழுதினார்கள். சங்க காலத்து மகளிர் தோளில் தொய்யில் எழுதினார்கள். வரைவதற்கும் எழுதுவதற்கும் தமிழர் ஒரே சொல்லை வைத்திருந்தார்கள். அதைச் சித்திரப் பாடம் வேறு, தமிழ்ப் பாடம் வேறு என்று நேர அட்டவணை போட்டுப் பிரித்தவர்கள் நாம்தான்.

பரிபாடலின் பத்தொன்பதாம் பாடலில் நப்பண்ணனார் ஒரு காட்சியைக் காட்டுகிறார். திருப்பரங்குன்றத்துக்கு வழிபட வந்தவர்கள் அங்கே தீட்டப்பட்டிருக்கும் ஓவியங்களின் முன் நிற்கிறார்கள். அகலிகையின் கதை அங்கே படமாக இருக்கிறது. பூனை வடிவெடுத்த இந்திரன் இருக்கிறான், கௌதம முனிவர் இருக்கிறார். தெரியாதவர்கள் இது என்ன, அது என்ன என்று கேட்கிறார்கள். தெரிந்தவர்கள் விரலால் சுட்டிச் சொல்கிறார்கள். தாயும் பிள்ளையும் ஒரு சித்திரக் கதைப் புத்தகத்தை விரித்து வைத்துக்கொண்டு செய்வதும் இதைத்தானே? ஒருவர் கேட்க, ஒருவர் சொல்ல, நடுவே ஒரு படம். சித்திரக் கதை மேல்நாட்டிலிருந்து வந்த விளையாட்டுச் சாமான் என்று எண்ணுகிறவர்கள் பரிபாடலை ஒருமுறை புரட்டிப் பார்க்கவேண்டும்.

மேல்நாட்டு நூல்களிலும் நாம் அறிந்துகொள்ள வேண்டியவை உண்டு. அமெரிக்கரான கிரொக்கெற் ஜோன்சன் 1955இல் வெளியிட்ட ஒரு சிறு நூலில் ஹரல்ட் என்ற சிறுவன் வருகிறான். அவன் கையில் ஊதா நிறக் கிரேயோன் ஒன்று இருக்கிறது. நிலா வெளிச்சத்தில் நடந்துபோக ஆசைப்படுகிறான், ஆனால் நிலா இல்லை. அதனால் நிலாவை வரைகிறான். நடக்க வழியில்லை, வழியையும் வரைகிறான். எங்கெங்கோ அலைந்து களைத்துத் தன் வீட்டு ஜன்னலைத் தேடுகிறான். கடைசியில் நிலாவைச் சுற்றி ஜன்னலை வரைகிறான். தன் அறையிலிருந்து பார்க்கும்போது ஜன்னலுக்குள்தானே நிலா தெரியும்! அத்தோடு அவன் வீடு வந்துவிடுகிறது. இந்த நூலில் ஹரல்டுக்கு "இப்படி வரை" என்று சொல்லிக்கொடுக்கப் பெரியவர் எவரும் இல்லை என்பதையும் கவனிக்கவேண்டும்.

பெரியவர் வரவேண்டிய இடமும் உண்டு. பீற்றர் ரெனோல்ட்ஸ் என்பவரின் "புள்ளி" என்ற நூல் 2003இல் வெளிவந்தது. தனக்கு வரையவே வராது என்று வெற்றுத் தாளோடு உட்கார்ந்திருக்கிறாள் ஒரு சிறுமி. ஆசிரியை வற்புறுத்தவில்லை. ஏதாவது ஓர் அடையாளம் போட்டுப் பார், அது உன்னை எங்கே கொண்டுபோகிறது என்று பார்ப்போம் என்கிறார். சிறுமி கோபத்தோடு பேனையால் ஒரு குத்துக் குத்துகிறாள். தாளில் ஒரு புள்ளி விழுகிறது. ஆசிரியை அதைக் கூர்ந்து பார்த்துவிட்டு, கீழே கையெழுத்துப் போடச் சொல்கிறார். அடுத்த வாரம் வந்து பார்த்தால் அந்தப் புள்ளி சட்டம் போட்டுச் சுவரில் தொங்குகிறது. இந்தக் கதையை முதன்முதலில் படித்த அன்று எனக்கு அந்தப் பன்னிரண்டாவது கூரைதான் நினைவுக்கு வந்தது. அந்த ஆசிரியை கையெழுத்துப் போடச் சொன்னார். நான் புகை போடச் சொன்னேன்.

நம் நாட்டிலும் இந்தத் துறையில் ஒரு பெரியவர் வாழ்ந்தார். சிபில் வெத்தசிங்க. 1927இல் காலிக்கு அருகேயுள்ள கிந்தோட்டையில் பிறந்து, 2020 ஜூலையில் தமது 92ஆம் வயதில் மறைந்தார். கதையையும் தாமே எழுதிப் படத்தையும் தாமே வரைந்தவர். 1956இல் வெளிவந்த "குட ஹொரா", அதாவது குடைத் திருடன், பல நாட்டுப் பிள்ளைகளைப் போய்ச் சேர்ந்த நூல். குடை என்பதையே கண்டறியாத ஒரு கிராமம். மழை பெய்தால் வாழை இலையையோ சாக்கையோ தலையில் போட்டுக்கொண்டு போகும் சனங்கள். பட்டணத்துக்குப் போகும் கிரி மாமா ஒரு குடை வாங்கி வருகிறார். ஊர் திரும்பிய கையோடு அது திருட்டுப் போகிறது. எத்தனை தடவை வாங்கினாலும் திருட்டுப் போகிறது. திருடன் யார் என்பதை இன்னும் படிக்காத பிள்ளைகளுக்காகச் சொல்லாமல் விடுகிறேன்.

அந்தச் சிங்களப் புத்தகத்தையே வகுப்புக்குக் கொண்டுபோனேன். படத்தைக் காட்டிக் கதையைத் தமிழில் சொன்னேன். வாழை இலையும் சாக்கும் வந்த பக்கத்தில் ஒரு பையன் எழுந்து, "அவங்களும் எங்க அம்மா மாதிரி சாக்குத்தான் போட்டாங்களா சேர்?" என்று கேட்டான். மழையில் கொழுந்து பறிக்கும் தாயை, தெற்குக் கரையில் பிறந்த ஒரு சிங்களப் பெண்மணியின் ஓவியத்தில் அவன் அடையாளம் கண்டுகொண்டான். அதற்கு மொழிபெயர்ப்பு வேண்டியிருக்கவில்லை.

சிபில் அம்மையார் தமது இறுதிக் காலத்தில் செய்த ஒரு காரியமும் குறிப்பிடத்தக்கது. ஒரு கதையை முடிக்காமல் விட்டு, முடிவைச் சிறுவர்களே எழுதட்டும் என்று விட்டுவிட்டார். நாடெங்கிலுமுள்ள சிறுவர்கள் எழுதியவற்றிலிருந்து 1,250 முடிவுகளோடு அந்த நூல் வெளிவந்து, 2020இல் கின்னஸ் சாதனையாகவும் பதிவாயிற்று. சாதனையைவிட, கதை சொல்லும் பெரியவர் ஒருவர் கடைசிப் பக்கத்தைப் பிள்ளைகளிடம் ஒப்படைத்ததையே நான் பெரிதாக மதிக்கிறேன்.

இன்னொரு நூலைப் பற்றியும் கட்டாயம் சொல்லவேண்டும். சென்னையிலுள்ள தாரா புக்ஸ் பதிப்பகம் 2010இல் ஆங்கிலத்தில் வெளியிட்டது. என் தூரிகையைப் பின்தொடர்ந்து என்று அதன் பெயரைத் தமிழில் சொல்லலாம். அதில் சொல்லப்படுவது துலாரி தேவி என்ற உண்மையான பெண்மணியின் சொந்தக் கதை. படங்களும் அவர் வரைந்தவையே. கதையைக் கேட்டு எழுத்தில் அமைத்தவர் கீதா வுல்ஃப். பீகாரின் மதுபனிப் பகுதியில் மீனவ குலத்தில் பிறந்தவர் துலாரி தேவி. சிறுவயதில் தாயோடு வயல் வேலைக்குப் போனார். பிறகு வீட்டு வேலைக்குப் போனார். அவர் வேலைபார்த்த வீட்டுக்காரர் மதுபனி ஓவியம் வரைபவர். பாத்திரம் கழுவி, தரை கூட்டி, ஓய்ந்த நேரத்தில் அந்தக் கை வரைவதைப் பார்த்துக்கொண்டு நின்றவர், ஒருநாள் தானும் கற்றுக்கொள்ளலாமா என்று கேட்டார். அந்த வீட்டில் அதற்கு இடம் கிடைத்தது. இந்திய அரசு 2021இல் அவருக்குப் பத்மஸ்ரீ விருது வழங்கியது.

சென்னைக்குப் போய்வந்த நண்பர் ஒருவர் இந்தப் புத்தகத்தை எனக்குக் கொண்டுவந்து கொடுத்தார். வகுப்பில் பக்கம் பக்கமாகக் காட்டிக் கதை சொன்னபோது, வீட்டு வேலை வந்த பக்கத்தில் பிள்ளைகள் மௌனமானார்கள். எங்கள் தோட்டங்களிலிருந்து கொழும்புக்கு வீட்டு வேலைக்குப் போனவர்கள் எத்தனை பேர் என்பது நேயர்களுக்குத் தெரியாததல்ல. அக்கா போயிருப்பாள், அல்லது சித்தி போயிருப்பாள். வேலைக்காரி என்று ஒரு சொல்லில் முடித்துவிடும் ஒருவரின் வாழ்க்கை, அவர் கையாலேயே வரையப்பட்டு ஒரு முழுப் புத்தகமாகியிருப்பதை அவர்கள் அன்றைக்குப் பார்த்தார்கள். "அவங்க வீட்டுல வரைய விட்டாங்களா சேர்?" என்று ஒரு மாணவி கேட்டாள். கேள்வி துலாரி தேவியைப் பற்றியதுதானா, வேறு யாரையும் நினைத்துக் கேட்டாளா என்று எனக்குச் சொல்லத் தெரியாது.

எங்கள் பிள்ளைகளுக்குக் கதைக்குப் பஞ்சமில்லை. அடுப்படியில் அப்பாயி சொன்ன கதை உண்டு. விடிய விடிய ஆடும் காமன் கூத்தும் பொன்னர் சங்கரும் உண்டு. பாடல்களும் உண்டு, அவற்றை அரும்பாடுபட்டுத் தொகுத்தவர் சி.வி. வேலுப்பிள்ளை அவர்கள். பஞ்சம் புத்தகத்தில்தான் இருக்கிறது. நவாலியூர் சோமசுந்தரப் புலவர் சிறுவருக்குப் பாடிய பாடல்கள் என்றும் இனிப்பவை. ஆனால் அவை யாழ்ப்பாணத்து மண்ணிலிருந்து எழுந்தவை. ஆடிக்கூழைக் குடித்தறியாத பிள்ளையும் அவற்றைப் பாடி மகிழலாம், மகிழவும் வேண்டும். அதோடு கூடவே, தன் லயத்தையும் பிரட்டுக்களத்தையும் கொழுந்து நிறுக்கும் இடத்தையும் வண்ணப் படமாக அச்சில் பார்க்கும் உரிமையும் அந்தப் பிள்ளைக்கு உண்டு. அத்தகைய நூல்கள் எத்தனை பிள்ளைகளின் கைக்கு எட்டுகின்றன? கடைகளில் மாதிரி வினாத்தாள் அடுக்கடுக்காகக் கிடைக்கிறது.

புத்தகம் வரும்வரை காத்திருக்காமல் வகுப்பிலேயே செய்யத் தொடங்கினோம். ஒரு தாளை மூன்று முறை மடித்து, விரித்து, நடுவே ஒரு வெட்டு வெட்டித் திரும்ப மடித்தால் எட்டுப் பக்கப் புத்தகம் ஒன்று கிடைக்கும். விதிகள் மூன்றே மூன்று. அழிறப்பர் பாவிக்கக் கூடாது. வரைந்தவர் எழுந்து நின்று கதையைச் சொல்லவேண்டும், கேட்பவர்கள் "அப்புறம்?" என்று மட்டும் கேட்கலாம். முகப்பில் ஆக்கியோன் பெயர் இருக்கவேண்டும்.

ஒரு பையன் எட்டுப் பக்கமும் அட்டைகளை வரைந்தான். மழைக்காலத்தில் தாயின் காலைக் கடிக்கும் அட்டைகள் பக்கத்துக்குப் பக்கம் பெருகிக்கொண்டே போயின. கடைசிப் பக்கத்தில் அட்டை இல்லை, ஒரு சவர்க்காரத் துண்டு மட்டும் இருந்தது. காலில் சவர்க்காரம் பூசிக்கொண்டு மலைக்குப் போனால் அட்டை ஏறாதாம். மின்வெட்டு நீடித்த 2022இல் ஒரு சிறுமி எல்லாப் பக்கத்தையும் கரியால் கறுப்பாக்கிவிட்டு, ஒவ்வொன்றிலும் ஒரு சிறு வெள்ளைப் புள்ளியை மட்டும் விட்டிருந்தாள். வேலை முடிந்து வரும் அம்மாவின் டோர்ச் வெளிச்சமாம். பக்கம் புரளப் புரள அது பெரிதாகிக்கொண்டே வந்தது. இன்னொருவன் பழையபடி தென்னை மரத்தையே வரைந்தான். நான் வாயைத் திறக்கவில்லை. கதையைச் சொல் என்றேன். நாவலப்பிட்டியில் சூடு தாங்காமல் அந்தத் தென்னை ரயில் ஏறி றொசல்லையில் இறங்கிவிட்டது, இங்கே வந்தபின் குளிர் தாங்காமல் திரும்பிப் போக டிக்கட் கேட்கிறது என்றான். வகுப்பே சிரித்தது. தென்னை வரைவதில் குற்றமில்லை, அதன் கதையைக் கேட்காமல் விடுவதுதான் குற்றம் என்று அந்தப் பையனிடம் படித்துக்கொண்டேன்.

இதனால் எல்லாரும் பரீட்சையில் உயர்ந்த புள்ளி பெற்றார்கள் என்று சொன்னால் அது பொய்யாகும். சிலருடைய கட்டுரை நீண்டது. சிலருடையது நாலு வரியிலேயே நின்றது. பாடத்திட்டம் பின்தங்குகிறது என்று பெற்றோர் சிலர் குறைப்பட்டார்கள். அவர்கள் கவலையில் நியாயம் இல்லாமலில்லை. சக ஆசிரியர் ஒருவர், "இது சித்திரப் பாடமா, தமிழ்ப் பாடமா?" என்று கேட்டார். "எழுதுகிறார்கள்" என்று பதில் சொன்னேன்.

புகை போட்ட அந்த மாணவியை நேயர்கள் மறந்திருக்க மாட்டீர்கள். சில காலத்துக்கு முன் பெற்றோர் கூட்டத்துக்கு வந்திருந்தாள். மகன் மூன்றாந் தரத்தில் படிக்கிறான். எத்தனையோ ஆண்டாக மனத்தில் கிடந்ததை அன்று சொன்னேன். "அன்னைக்கு நான் கேட்டிருக்கணும்மா. கேக்காம புகை போடச் சொல்லிட்டேன்" என்றேன். அவளுக்கு முதலில் நினைவு வரவில்லை. பிறகு சிரித்தாள்.

"அதுனால என்ன சேர். நீங்க சொன்னப்புறந்தானே அந்தப் படம் முழுசாச்சு" என்றாள்.

அவள் கோபித்திருந்தால் எனக்கு ஆறுதலாக இருந்திருக்கும். ஆசிரியர் சொன்னது சரி, தான் வரைந்தது குறை என்றுதான் அந்தப் பிள்ளை இத்தனை காலமும் நம்பியிருக்கிறாள். அவள் மகனைப் பக்கத்தில் அழைத்து, நீ என்ன வரைவாய் என்று கேட்டேன். தாயின் முகத்தைப் பார்த்துவிட்டு, "வீடு" என்றான். "யாரெல்லாம் இருக்காங்க அந்த வீட்டுல?" என்று கேட்டேன். அவன் சொல்லத் தொடங்கினான். கூட்டம் தொடங்க மணி அடித்தது. அவன் சொல்லி முடிக்கும்வரை நாங்கள் இருவரும் அங்கேயே நின்றோம்.

நேயர்களே, இன்றிரவு உங்கள் வீட்டுப் பிள்ளை ஒரு படத்தைக் கொண்டுவந்து நீட்டினால், அழகாக இருக்கிறது என்றும் சொல்லவேண்டாம், பிழை என்றும் சொல்லவேண்டாம். பக்கத்தில் உட்கார்ந்து, "இதில் என்ன நடக்கிறது?" என்று கேளுங்கள். சொல்லி முடித்ததும் "அப்புறம்?" என்று கேளுங்கள். ஒரு புகை குறைந்திருந்தால், அது ஏன் என்று கேளுங்கள்.